தலைமுழுக விடாத குளம்

டில்லியில் கிழவரைச் சுட்டுக் கொன்ற செய்தி எங்கள் ஊருக்கு மறுநாள் காலை பஸ்ஸில் வந்தது. நாடே தகப்பன் என்று கூப்பிட்ட மனிதர்தான். எங்கள் தெருவில் அவரைக் கிழவர் என்றே சொல்வோம். அதில் மரியாதைக் குறைவு எதுவும் இல்லை. வீட்டில் இருக்கிற மூத்தவரைச் சொல்வது போலத்தான்.

எங்கள் ஊர் அன்னவாசலுக்கும் சித்தன்னவாசல் மலைக்கும் நடுவே, மெயின் ரோட்டை விட்டுச் சற்று உள்ளே தள்ளி இருந்தது. வாய்க்காலுக்கு அந்தப் பக்கம் பெரிய தெரு. இந்தப் பக்கம் சேரி. நாங்கள் சேரி. எனக்கு அப்போது கல்யாணமாகி ஒரு வருஷம்கூட நிறையவில்லை. நான் ஆவூர்ப் பக்கத்து வேதக்காரக் குடும்பத்தில் பிறந்தவள். கன்னியாஸ்திரீகள் நடத்திய பள்ளியில் எட்டாவது வரை படித்திருந்தேன். அதனால் எங்கள் தெருவில் மிஷன்காரர்கள் போட்டிருந்த கூரைப் பள்ளிக்கூடத்தில் என்னை டீச்சராக வைத்தார்கள். என் வீட்டுக்காரர் சண்டைக் காலத்தில் பட்டாளத்தோடு பர்மா எல்லைவரை போய் ரோடு போட்டவர். திரும்பி வந்தபின் கல் உடைக்கிற வேலை. பட்டாளத்தில் எல்லாச் சாதிக்காரனோடும் ஒரே குழாயில் தண்ணீர் பிடித்துக் குடித்துப் பழகிவிட்டு இங்கே வந்திருந்தார். அதுதான் அவருக்கு வினை.

அன்று காலை அவர் வேலை தேடிப் புதுக்கோட்டைக்குப் போக பஸ்ஸுக்கு நின்றிருந்தார். போனவர் கொஞ்ச நேரத்தில் திரும்பி வந்து வாசலில் நின்றார். கண்டக்டர் சொன்னாராம். பிரார்த்தனைக்கு நடந்து போகும்போது நெஞ்சில் சுட்டுவிட்டார்களாம். என் மாமியார் கம்பு புடைத்துக்கொண்டிருந்தார். முறத்தைக் கீழே வைத்துவிட்டு, "இன்னைக்கு வேலைக்குப் போறதா வேணாமா?" என்று கேட்டார். அவர் கேட்டதில் தப்பில்லை. பெரிய வீட்டு வயலில் கூலிக்குப் போனால்தான் எங்கள் அடுப்பு எரியும். நான் உள்ளே போய் மாதா படத்துக்கு முன்னால் முழங்காலில் நின்று, செத்தவர்களுக்குச் சொல்கிற செபத்தை அவருக்காகச் சொன்னேன். அவர் வேதக்காரர் இல்லையே என்று யோசித்தேன். சொன்னால் என்ன என்று சொல்லி முடித்தேன்.

வெயில் ஏறும்போது பறைச் சத்தம் கேட்டது. என் வீட்டுக்காரரின் சித்தப்பாதான் ஊருக்குத் தமுக்கு அடிக்கிறவர். பெரிய தெருவில் கூடிப் பேசி, அவரைக் கூப்பிட்டுச் சொல்லச் சொல்லியிருந்தார்கள். அவர் எங்கள் தெருவிலிருந்தே ஆரம்பித்தார். நாட்டுக்குத் தகப்பன் செத்துப்போய்விட்டார், ஊரார் எல்லாரும் உச்சிப்பொழுதுக்குக் குளத்தில் தலைமுழுக வேண்டியது என்று கூவினார்.

என் வீட்டுக்காரர் அவரை நிறுத்தினார். "சித்தப்பா, எல்லாரும்னுதான் சொல்லச் சொன்னாங்களா?"

"ஆமாப்பா. எல்லாரும்னுதான்."

"அப்ப நாமளுந்தானே?"

சித்தப்பா சோளத்தட்டையைக் கொளுத்திப் பறையைக் காய்ச்சிக்கொண்டு அடுத்த தெருவுக்குப் போய்விட்டார்.

அந்தக் குளத்தில் எங்கள் ஆட்கள் கால் வைத்ததில்லை. மாடு குளிப்பாட்டப் போனால்கூட, கரைவரை ஓட்டிக்கொண்டுபோய் மாட்டை மட்டும் இறக்கிவிட்டு நிற்கவேண்டும். உச்சிப்பொழுதுக்கு எங்கள் தெருவிலிருந்து ஆண்களும் பெண்களுமாக ஒரு கூட்டம் கிளம்பியது. யாரும் யாரையும் கட்டாயப்படுத்தவில்லை. சாவு வீட்டுக்குப் போகிற மாதிரி, பேச்சில்லாமல் நடந்தோம். மாமியார் வரவில்லை. வாய்க்கால் பாலம் வரைக்கும் வந்து, முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு நின்றுவிட்டார்.

பெரிய தெரு ஆண்கள் முழுகிக் கரையேறிக்கொண்டிருந்தார்கள். பெரிய வீட்டுக்காரர் கடைசிப் படியில் நின்றார். அவர் கதர்தான் கட்டுவார். கிழவர் சொல்லுக்காக ஜெயிலுக்குப் போய் வந்தவர். ஈரக் கதர் உடம்போடு ஒட்டியிருக்க, தோள் குலுங்க அழுதுகொண்டிருந்தார். அந்த அழுகை பொய்யில்லை. அதை நான் இன்றைக்கும் சொல்வேன்.

எங்களைப் பார்த்ததும் அவர் முகத்தைத் துடைத்துக்கொண்டார். என் வீட்டுக்காரர் துண்டை இடுப்பில் கட்டவில்லை, தோளில்தான் கிடந்தது. "ஐயா, தலமுழுக வந்தோம்" என்றார்.

பெரிய வீட்டுக்காரர் மெதுவாகத்தான் பேசினார். "துக்க நாளு. இன்னைக்குப் போயி வம்பு வேணாம்ப்பா. ஒங்களுக்கு ஓடை இருக்குல்ல, அங்கிட்டுப் போயி முழுகுங்க. யாரு எங்க முழுகுனாலும் அவருக்குப் போய்ச் சேரும்."

"அப்பன் செத்தா மூத்தவன் கொளத்துலயும் எளையவன் ஓடையிலயுமா முழுகுவான்?"

அதற்குப் பதில் அவருடைய தம்பி மகனிடமிருந்து வந்தது. பதினெட்டு வயசு இருக்கும். சாமி என்று கூப்பிட வேண்டிய வாய் ஐயா என்று கூப்பிடுகிறதா என்று கத்திக்கொண்டு மண்ணாங்கட்டியை எடுத்து வீசினான். பிறகு நாலைந்து பேர் வீசினார்கள். எங்கள் ஆட்கள் சிலர் ஓடினார்கள். என் வீட்டுக்காரர் ஓடவில்லை, திருப்பி எறியவும் இல்லை. கரையிலேயே உட்கார்ந்துவிட்டார். நானும் பக்கத்தில் உட்கார்ந்தேன். ஓடியவர்களில் பாதிப்பேர் திரும்பி வந்து உட்கார்ந்தார்கள். வெயில் தாழும்வரை அப்படியே இருந்துவிட்டு, தலை நனையாமல் வீட்டுக்கு வந்தோம். ஓடைக்கு யாரும் போகவில்லை.

மறுநாளிலிருந்து எங்கள் தெருவுக்கு வேலை இல்லை. வயலில் இறங்கக்கூடாது, கடையில் சாமான் கிடையாது, வரப்பில் நடக்கக்கூடாது. சித்தப்பா பெரிய தெருவுக்குப் போய்த் தரையில் விழுந்து மன்னிப்புக் கேட்டார். அவரை மட்டும் விட்டுவிட்டார்கள். மாமியார் என்னைத்தான் ஏசினார். படித்தவளைக் கட்டிவைத்ததால்தான் மகனுக்குப் புத்தி இப்படிப் போனது என்று தெருவெல்லாம் சொன்னார். நான் குளக்கரையில் ஒரு வார்த்தை பேசவில்லை என்பதை அவரிடம் சொல்லிப் பயனில்லை. என்னைப் பெற்ற தகப்பனாரும் பொறுத்துப் போகச் சொல்லி ஆள் அனுப்பினார். மாதா கோவிலிலேயே நமக்குத் தனி இடம்தானே, சாமியாரே அதைப் பற்றிப் பேசுவதில்லையே, குளத்துக்கு என்ன அவசரம் என்று கேட்டாராம்.

சித்தன்னவாசல் மலைக்கு ரோடு போடுகிற வேலை அப்போது நடந்துகொண்டிருந்தது. என் வீட்டுக்காரர் கண்டிராக்டரிடம் போய், பர்மாவில் ரோடு போட்ட கதையைச் சொல்லி, எங்கள் தெரு ஆட்களுக்கெல்லாம் ஜல்லி உடைக்கிற வேலை வாங்கினார். ஆண்களும் பெண்களும் வெயிலில் உட்கார்ந்து கல் உடைத்தோம். நான் பள்ளிக்கூடம் விட்டதும் போவேன். மாமியாரும் வந்தார். பேச்சு மட்டும் இல்லை; சம்மட்டிச் சத்தம்தான். அடுத்த அறுப்புக்குப் பெரிய தெருவில் ஆள் போதவில்லை. சொல்லி அனுப்பினார்கள், போனோம். குளத்தைப் பற்றி அவர்களும் பேசவில்லை, நாங்களும் பேசவில்லை. வெளியிலிருந்து பார்த்தால் எல்லாம் முடிந்துபோன மாதிரி இருந்தது.

எனக்கு முடியவில்லை. குளமாவது குளிக்கிற தண்ணீர். குடிக்கிற தண்ணீருக்குத் தினமும் ஊருணிக் கரையில் போய் நின்றோம். குடத்தைத் தரையில் வைத்துவிட்டுத் தள்ளி நிற்கவேண்டும். பெரிய தெருப் பெண் யாராவது மனசு வைத்தால், தன் குடத்திலிருந்து உயரத் தூக்கி எங்கள் குடத்தில் ஊற்றுவாள். பாதி தரையில் போகும். மனசு வைக்காவிட்டால் வெறுங்குடத்தோடு ஓடைக்குப் போய் மணலில் ஊற்றுத் தோண்ட வேண்டும். மூத்தவன் வயிற்றில் இருக்கும்போது ஒரு நாள் வெகுநேரம் அப்படி நின்றேன். எத்தனையோ பேர் வந்து மொண்டுகொண்டு போனார்கள். ஒருத்தி என் வயிற்றைப் பார்த்தாள், எத்தனை மாசம் என்றுகூடக் கேட்டாள், ஊற்றாமல் போனாள். அவள் கெட்டவள் இல்லை. ஊற்றினால் நேரமாகும், அவ்வளவுதான். அன்றைக்குத்தான், இனிமேல் இந்தத் தண்ணீரை யார் ஊற்றியும் குடிக்கமாட்டேன், நானே மொண்டுதான் குடிப்பேன் என்று நினைத்துக்கொண்டேன். அன்று முதல் என் குடத்தோடு ஓடைக்குத்தான் போனேன். மழையானாலும் கோடையானாலும் ஓடைதான்.

சமஸ்தானம் போனது. ராஜா காலத்து ஆபீஸ்களில் புதுக் கொடி ஏறியது. எங்களுக்கு ஓட்டு வந்தது. சில வருஷம் கழித்து, தீண்டாமை பார்ப்பது குற்றம், பொதுத் தண்ணீரில் தடுத்தால் ஜெயில் என்று சட்டம் வந்ததைப் பேப்பரில் படித்தேன். ஓடி வந்து என் வீட்டுக்காரரிடம் சொன்னேன். "சட்டம் டில்லியில இருக்கு. தண்ணி இங்கதானே இருக்கு" என்றார். குளக்கரையில் உட்கார்ந்த மனுஷன் அவர். ஆனால் இத்தனை வருஷத்தில் அவருக்கு அலுப்பு வந்துவிட்டது. எனக்கு வரவில்லை.

கிழவர் செத்த நாளை வருஷா வருஷம் பெரிய வீட்டுக்காரர் அனுஷ்டிப்பார். ஊருணிக்குப் பக்கத்தில் இருந்த பெரிய தெருப் பள்ளிக்கூடத்தில் படத்துக்கு நூல்மாலை போட்டு, ராட்டை சுற்றுவார்கள். ஒரு வருஷம் பெரிய ஆபீசர் ஒருவர் வருவதாக ஏற்பாடு. அதற்கு முந்தின வாரம் பெரிய வீட்டுக்காரர் வாய்க்காலைத் தாண்டி எங்கள் பள்ளிக்கூடத்துக்கு வந்தார். உள்ளே வரவில்லை, கூரைக்கு வெளியே வெயிலில் நின்றார். சேரிப் பிள்ளைகளைக் குளத்துக்குக் கூட்டிவரச் சொன்னார். ஆபீசர் முன்னிலையில் சோப்புப் போட்டுக் குளிப்பாட்டி, புதுத் துணி கொடுத்து, போட்டோ எடுப்பார்களாம். "டீச்சரம்மா, நீங்கதான் பொறுப்பா கூட்டியாரணும்" என்றார். அவர் வாயால் எனக்கு ங்க வந்தது அன்றுதான்.

கூட்டிவருகிறேன் என்று சொன்னேன்.

என் வீட்டுக்காரருக்கு வந்த கோபத்தைச் சொல்லி முடியாது. அன்றைக்கு மண்ணால் அடித்தவர்கள் இன்றைக்குச் சோப்புப் போட்டு விடுவார்களா, ஒரு நாள் கூத்துக்கு நம் பிள்ளைகள்தான் கிடைத்தார்களா என்று கேட்டார். அவர் பேசி ஓயும்வரை இருந்துவிட்டுச் சொன்னேன்.

"புள்ளைங்க கொளத்துல எறங்கட்டும். நாங்க பொம்பளைங்க குடத்தோட வாரோம். ஊருணியில எறங்குவோம். ஆபீசர் இருக்கும்போதே எறங்குவோம்."

"மறுநாளு?"

"மறுநாளும் எறங்குவோம். அதுக்கு மறுநாளும். ஒரு நாளு எறங்கிட்டு விட்டாத்தானே அது கூத்து."

அவர் சரி என்றார்.

வீடு வீடாகப் போனேன். பயந்தவர்கள்தான் அதிகம். ஆனால் தண்ணீருக்கு நின்று நின்று கால் மரத்துப்போன பெண்கள் ஒவ்வொரு வீட்டிலும் இருந்தார்கள். அவர்களுக்கு நான் அதிகம் சொல்லவேண்டியிருக்கவில்லை. மாமியார் மட்டும் வரமாட்டேன் என்று ஒரே பிடியாகச் சொல்லிவிட்டார். பெரிய வீட்டில் மூன்று தலைமுறையாக உழைத்துக் கஞ்சி குடித்தவர். அந்த வீட்டுப் பிள்ளைகளை வயலில் தூக்கிச் சுமந்து வளர்த்தவர். அவர்கள் முகத்தில் எப்படி முழிப்பேன் என்றார்.

அந்த நாள் வந்தது. பிள்ளைகள் குளித்தார்கள். சோப்பு நுரையோடு சிரித்தார்கள். அவர்களுக்கு அது சந்தோஷம்தான். போட்டோ எடுத்தார்கள். ஆபீசர் மைக்கில் பேசினார். எங்களுக்குக் கிழவர் வைத்த பெயரைத் திரும்பத் திரும்பச் சொன்னார். கடவுளின் பிள்ளைகள் என்ற அந்தப் பெயர் எனக்கு என்றைக்கும் பிடித்ததில்லை. எல்லாரும் கடவுளின் பிள்ளைகள் என்றால் எங்களுக்கு மட்டும் தனியாக எதற்கு? ஆனாலும், எங்களுக்காக ஊர் ஊராக நடந்த மனுஷர் என்பதை நான் மறக்கவில்லை. இரண்டும் சேர்ந்துதான் என் மனசில் இருந்தது.

பேச்சு முடியும் நேரத்தில் எங்கள் பெண்கள் குடங்களோடு வாய்க்கால் பாலத்தைத் தாண்டி வந்தார்கள். நான் ஆபீசர் முன்னால் போய் நின்றேன். "ஐயா, புள்ளைங்க குளிச்சாச்சு. குடிக்கத் தண்ணி வேணும். ஊருணியில எடுத்துக்கிறோங்க" என்றேன். அவருக்கு ஒன்றும் புரியவில்லை. அவர் வெளியூர்க்காரர். தாராளமா எடுங்கம்மா, இதுக்கு என்னைக் கேட்கணுமா என்று சிரித்தார். பெரிய வீட்டுக்காரர் முகம் வெளுத்துவிட்டது. அவர் வாய் திறந்து வேண்டாம் என்று சொல்லியிருக்க முடியும். சொல்லவில்லை.

படியில் இறங்கினேன். செம்பாறாங்கல் படி, பாசி பிடித்து வழுக்கியது. தண்ணீர் கணுக்காலுக்கு வந்தது. குடத்தைச் சாய்த்து மொண்டேன். எத்தனையோ வருஷம் கரையில் நின்று பார்த்த தண்ணீர். வேறு ருசியாக இருக்கும் என்று எனக்கு உள்ளூர ஒரு நினைப்பு. அள்ளிக் குடித்துப் பார்த்தேன். கொஞ்சம் மண் வாசனை. தண்ணீர் மாதிரிதான் இருந்தது.

மறுநாள் விடிந்து பார்த்தபோது படியெல்லாம் சாணி கரைத்துத் தெளித்துக் கழுவியிருந்தார்கள். எங்கள் தெரு ஆண்கள் கம்போடு வருகிறோம் என்றார்கள். வேண்டாம், நீங்கள் வந்தால் அடிதடி என்று கேஸாகும், தண்ணீர் எடுப்பது எங்கள் வேலை என்று சொல்லி நிறுத்திவிட்டு நாங்கள் மட்டும் போனோம். பெரிய வீட்டுக்காரரின் தம்பி மகன் இன்னும் சிலரோடு படியில் நின்றான். இப்போது அவன் வளர்ந்த ஆள், கையில் ஊன்றுகம்பு. பெரிய வீட்டுக்காரர் கரையில் அரசமரத்தடியில் நின்றுகொண்டிருந்தார். திரும்பிப் போகச் சொன்னார்கள். நான் நடந்தேன். கம்பு குடத்தில் விழுந்து குடம் உடைந்தது. அடுத்த அடி மணிக்கட்டில். எலும்பு முறிந்த சத்தம் எனக்கே கேட்டது.

என் பின்னால் வந்த பெண்கள் நின்றுவிட்டார்கள். இன்னும் ஒரு அடி விழுந்திருந்தால் கலைந்திருப்போம் என்றுதான் நினைக்கிறேன். அப்போது என் மாமியார் பெரிய வீட்டு வயலுக்குப் போகிற வழியில் இடுப்பில் அரிவாளைச் செருகிக்கொண்டு வந்தார். என் கையைப் பார்த்தார். பக்கத்தில் நின்றவளின் குடத்தைப் பிடுங்கிக்கொண்டு நேரே அவன் முன்னால் போனார். மூன்று தலைமுறையாகச் சாமி என்று கூப்பிட்ட அந்த வாய் அன்று அப்படிக் கூப்பிடவில்லை.

"ஒன்னைத் தூக்கி வளத்த கை இது. ஒன் சோத்துக்கு நாத்து நட்ட கை. இதையும் ஒடடா. ஒடச்சுட்டு மொண்டு குடி."

அவன் அசையவில்லை. மாமியார் அவனைச் சுற்றிக்கொண்டு படியில் இறங்கி, குடத்தை நிரப்பி, தலையில் வைத்துக்கொண்டு ஏறினார். அவருக்குப் பின்னால் மற்றவர்கள் ஒவ்வொருத்தராக இறங்கினார்கள். அன்று மாலை அவர் பெரிய வீட்டுக்குப் போய், இனி வேலைக்கு வரமாட்டேன் என்று சொல்லிவிட்டு வந்தார். அதற்குப் பிறகு என்னை அவர் ஏசியதாக எனக்கு ஞாபகம் இல்லை. கை கூடும்வரை எனக்குத் தலை வாரிவிட்டவர் அவர்தான்.

கேஸ் கொடுத்தோம். கோர்ட்டில் எங்கள் பெண்கள் சொன்னதை ஒரே தெருக்காரர்கள் சொல் என்று எதிர்த்தரப்பு வக்கீல் தள்ளினார். பெரிய தெருவில் சாட்சி சொல்லக்கூடியவர் ஒருவர்தான். அவர் கதர் உடுத்தி வந்து கூண்டில் ஏறி, அன்று காலை தான் ஊருணிப் பக்கமே போகவில்லை என்றார். கேஸ் தள்ளுபடியாகிவிட்டது. வெளியே பஸ் ஸ்டாண்டில் நாங்கள் நின்றபோது அவர் தேடிக்கொண்டு வந்தார். என் வீட்டுக்காரர் முகத்தைத் திருப்பிக்கொண்டார். அவர் என்னைப் பார்த்துச் சொன்னார், "எனக்கும் அந்தத் தெருவுலதான் பொழப்பு, டீச்சரம்மா. அங்கதான் செத்துப் பாடையில ஏறணும்."

"எங்களுக்கும் இந்த ஊருலதாங்க" என்றேன்.

தோற்றுப்போன கேஸுக்கு மறுநாளும் தண்ணீருக்குப் போனோம். போலீஸ் வந்து விசாரித்துவிட்டுப் போனதில் கம்பு தூக்க அவர்களுக்கும் யோசனை வந்துவிட்டது. யாரும் தடுக்கவில்லை. ஆனால் வேறொன்று செய்தார்கள். தங்கள் தெருவுக்குள்ளேயே ஒரு கிணறு வெட்டிக்கொண்டு, ஊருணியை விட்டுவிட்டார்கள். எங்கள் கால் பட்ட தண்ணீர் வேண்டாமாம். எங்கள் தெருவில் பாதிப்பேருக்கு அது வெற்றி. எனக்கு அது அடியை விட வலித்தது. இருந்தாலும் ஊருணியை நாங்கள் பாழாக விடவில்லை. கோடை தோறும் தூர் வாரினோம். என் வீட்டுக்காரர் உடைந்த படிகளைத் தானே கல் செதுக்கி மாற்றினார். வரத்து வாய்க்காலைச் சுத்தம் செய்தோம். பெரிய தெருவிலிருந்து யாரும் எட்டிப்பார்க்கவில்லை.

அறுபதுகளில் மழை அடுத்தடுத்துப் பொய்த்தது. அவர்கள் கிணறு முதலில் உப்புக் கரித்தது, பிறகு அடிமண் தெரிந்தது. தூர் வாரிய ஊருணியில் தண்ணீர் இருந்தது. ஒரு காலையில் நான் போனபோது பெரிய வீட்டு மருமகள் குடத்தோடு கரையில் நின்றிருந்தாள். கீரமங்கலத்திலிருந்து வாழ்க்கைப்பட்டு வந்த பெண். இறங்கவில்லை. கேட்கவும் இல்லை. நாங்கள் எடுத்து முடிக்கும்வரை நின்றாள். பிறகு வெறுங்குடத்தோடு திரும்பிப் போனாள்.

அன்று சாயங்காலம் எங்கள் தெருவில் கூடினோம். நிற்கட்டும், நாம் ஊற்றினால் வாங்கிக்கொண்டு போகட்டும் என்று இளவட்டங்கள் சொன்னார்கள். அதை நான் எதிர்பார்த்தேன். என் வீட்டுக்காரரும் அதையே சொல்வார் என்று எதிர்பார்க்கவில்லை. ஒரு வருஷம் கரையில் நிற்கவிட்டுத்தான் இறக்கவேண்டும், அப்போதுதான் உறைக்கும் என்றார். குளக்கரையில் மண்ணடி வாங்கிக்கொண்டு கை ஓங்காமல் உட்கார்ந்த மனுஷனுக்குள் இத்தனை வருஷம் அது கிடந்திருக்கிறது. அவரைக் குறைசொல்ல எனக்கு வாய் வரவில்லை.

எழுந்து பேசினேன். "கரையில நிக்கிறது எப்படி இருக்கும்னு எனக்குத் தெரியும். வயித்துப் புள்ளையோட நின்னவ நான். அதை இன்னொருத்திக்கு நான் செய்யமாட்டேன். ஆனா தனிப்படி கேட்டா தண்ணி கெடையாது. நாம எறங்குற படியில எறங்கி, அவங்களே மொண்டுக்கணும்."

பேச்சு நீண்டது. மாமியாருக்கு அப்போது கண் சரியாகத் தெரியாது. சுவரில் சாய்ந்து உட்கார்ந்திருந்தவர், மருமகள் சொல்வதுதான் சரி என்றார். என் வீட்டுக்காரர் கடைசியில் ஒரு நிபந்தனை சொன்னார். தண்ணீர் எடுக்கிற வீடு ஒவ்வொன்றும் தூர் வார ஒரு ஆள் அனுப்பவேண்டும். கூலிக்கு ஆள் பிடித்து அனுப்பக்கூடாது. வீட்டு ஆளே மண் சுமக்கவேண்டும். அதை எல்லாரும் ஒத்துக்கொண்டார்கள்.

சொல்லி அனுப்பினோம். சில வீடுகள் மாட்டுவண்டியில் பீப்பாய் வைத்து அன்னவாசலிலிருந்து தண்ணீர் கொண்டுவந்தன. எங்கள் படியில் இறங்குவதைவிட அது மேல் என்று நினைத்தார்கள். பெரிய வீட்டு மருமகள் நாலாம் நாள் வந்தாள். யாராவது பார்க்கிறார்களா என்று திரும்பிப் பார்த்தாள். பார்க்கத்தான் செய்தார்கள். முதல் படியில் காலை வைத்துவிட்டு, "அக்கா, வழுக்குமா?" என்று கேட்டாள்.

"வழுக்கும். இங்கிட்டு மிதிங்க, புதுக்கல்லு" என்று நகர்ந்து இடம் விட்டேன். குடத்தை நான் தொடவில்லை. அவளே மொண்டாள். அவளுக்குப் பின்னால் மெதுவாக மற்றவர்கள் வந்தார்கள்.

அந்தக் கோடையில் தூர் வாரியபோது பெரிய தெருவிலிருந்து எல்லா வீட்டிலிருந்தும் ஆள் வந்தது என்று சொன்னால் பொய். தம்பி மகன் வரவில்லை. சாகும்வரை அவன் அந்த ஊருணிப் பக்கம் வரவில்லை. பெரிய வீட்டுக்காரர் வந்தார். வயதாகிவிட்டது, கூடை தூக்கத் தெம்பில்லை. வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு வரிசையில் நின்று, வருகிற கூடையை வாங்கி அடுத்த ஆளிடம் மாற்றிவிட்டார். அவருக்கு அடுத்த ஆள் என் வீட்டுக்காரர். கூடை மட்டும் கைமாறிக்கொண்டே இருந்தது.

கிழவரைப் பற்றி இப்போது என்னிடம் கேட்கிறவர்கள் உண்டு. அவரால் உங்களுக்கு என்ன கிடைத்தது என்பார்கள். அவர் எங்களுக்குத் தண்ணீர் கொண்டுவந்து தரவில்லை. அவருக்கு மாலை போட்டவர்கள்தான் எங்களைத் தடுத்தார்கள். ஆனால் அவருக்காக எல்லாரும் தலைமுழுக வேண்டும் என்று ஊரில் ஒரு சொல் விழுந்தது. அந்தச் சொல்லுக்குள் நாங்களும் உண்டு என்று பிடித்துக்கொண்டது நாங்கள். அதை விடாமல் இருந்ததும் நாங்கள்தான். என் மாமியார் அதற்காக மூன்று தலைமுறைக் கஞ்சியை விட்டார். எனக்கு வலது மணிக்கட்டு இன்னும் சற்றுக் கோணல்தான், எழுதும்போது தெரியும்.

ஊரில் எல்லாம் சரியாகிவிட்டது என்று நினைத்துவிட வேண்டாம். மெயின் ரோட்டு டீக்கடையில் எங்களுக்குக் கொட்டாங்கச்சியும் அவர்களுக்குக் கண்ணாடிக் கிளாசுமாகத்தான் அப்போதும் இருந்தது. தூர் வாரி முடித்த சாயங்காலம் என் வீட்டுக்காரர் மண் காலோடு அங்கே போய், பெஞ்சில் உட்கார்ந்து, கிளாசில் ஒரு டீ போடச் சொன்னார். நானும் போய்ப் பக்கத்தில் உட்கார்ந்தேன்.